நம் படத்தை யார் எடுப்பது?

(மட்டாஞ்சேரியில் தமிழ்ப் பெண்களின் மாலைக் கூட்டத்தில் பேசியது)

 

காலையில் இருந்து வெயிலில் நின்று வேலை செய்திருக்கிறீர்கள். வீட்டுக்குப் போய்ச் சோறு வடித்து, பிள்ளைகளுக்குப் போட்டுவிட்டு, இங்கே வந்து உட்கார்ந்திருக்கிறீர்கள். அதனால் சுற்றி வளைக்காமல் பேசுகிறேன்.

இன்று ஓவியத்தைப் பற்றிப் பேசப் போகிறேன் என்று சொன்னதும் பின்னால் ஒரு அக்கா சிரித்தார். "ஓவியமா? அது பணக்காரங்க சமாச்சாரம் இல்லையா?" என்று கேட்டார். நல்ல கேள்வி. நானும் அப்படித்தான் நினைத்திருந்தேன். ஒரு நாள் ஒரு படத்தைப் பார்த்தேன். அதன் பிறகு வேறு மாதிரி யோசிக்கத் தொடங்கினேன்.

வெளியில் உள்ள நம் சலவைத் துறை உங்களுக்குத் தெரியும். அங்கே முறுக்கிய கயிற்றில் கிளிப் இல்லாமலே துணியைச் செருகிக் காயப் போடுகிறோம். அதைப் பார்க்க வெளிநாட்டுக்காரர்கள் வருகிறார்கள். படம் எடுக்கிறார்கள். போய்விடுகிறார்கள். சில வருஷங்களுக்கு முன்பு, வெளுத்த துணியைக் கொடுக்க ஒரு விடுதிக்குப் போனேன். உள்ளே நுழைந்ததும் சுவரில் ஒரு பெரிய படம். கண்ணாடிச் சட்டம் போட்டு மாட்டியிருந்தார்கள். இஸ்திரிப் பெட்டியோடு குனிந்து நிற்கும் ஒரு பெண். அது என் சித்தி! முகத்தில் வியர்வை. முந்தானை நழுவியிருந்தது. கீழே ஆங்கிலத்தில் ஏதோ எழுதியிருந்தது. எழுத்துக் கூட்டிப் படித்தேன். "சலவைக்காரி, கொச்சி." அவ்வளவுதான். சித்தியின் பெயர் இல்லை.

வீட்டுக்கு வந்து சித்தியிடம் சொன்னேன். "எப்ப எடுத்தாங்க?" என்று கேட்டார். அவருக்கே தெரியாது. பிறகு, "முந்தானை சரியா இருந்துச்சா?" என்று கேட்டார். அந்தக் கேள்வி என் மனத்தை விட்டுப் போகவே இல்லை.

பெண்ணின் படத்தை எடுப்பது யார்? அதில் அவள் எப்படித் தெரிய வேண்டும் என்று முடிவு செய்வது யார்? இதே கேள்வியை இந்த நாட்டில் பல பெண்கள் கேட்டிருக்கிறார்கள். கேட்டதோடு நிற்காமல், தாங்களே வரைந்தார்கள், போட்டோ எடுத்தார்கள், புத்தகம் செய்தார்கள். அவர்கள் கதையைத்தான் சொல்ல வந்தேன்.

முதலில் நம் ஊர் அரண்மனையில் இருந்து தொடங்குவோம். மட்டாஞ்சேரி அரண்மனையைக் கடந்து தினமும் போகிறோம். டச்சு அரண்மனை என்று சொல்கிறோம். உண்மையில் அதைக் கட்டியவர்கள் போர்ச்சுகீசியர்கள். சுமார் 1555-இல் கட்டிக் கொச்சி ராஜாவுக்குக் கொடுத்தார்கள். பின்னால் வந்த டச்சுக்காரர்கள் பழுது பார்த்தார்கள். அதனால் அவர்கள் பெயர் ஒட்டிக்கொண்டது. உள்ளே சுவர் முழுக்க ஓவியங்கள். ராமாயணக் கதை இருக்கிறது. கீழ்த்தளத்தில் அரண்மனைப் பெண்கள் இருந்த அறைகளில் கண்ணனும் கோபியரும் இருக்கிறார்கள். பச்சை, மஞ்சள், காவி என்று கண்ணைப் பறிக்கும் நிறங்கள். மிக அழகானவை. அவசியம் பார்க்க வேண்டும்.

ஆனால் பார்க்கும்போது ஒன்றைக் கவனியுங்கள். சுவரெல்லாம் பெண்கள். எல்லோரும் இளம் பெண்கள். எல்லோர் உடம்பிலும் நகை. வேலை செய்த களைப்பு ஒருத்தி முகத்திலும் இல்லை. அந்த அறையில் வாழ்ந்த ராணிகள் தூரிகை பிடித்ததாகத் தெரியவில்லை. அவர்களுக்குப் படம் வரையத் தெரியுமா, ஆசை இருந்ததா என்று யாரும் கேட்டதாகவும் தெரியவில்லை.

கேரளத்தில் பெண்கள் வரையவே இல்லையா? வரைந்தார்கள். டி. கே. பத்மினி என்று ஒரு பெண். 1940-இல் பொன்னானிப் பக்கம் பிறந்தவர். சென்னைக்குப் போய் அரசு ஓவியக் கல்லூரியில் படித்தார். தன் ஊர்ப் பெண்களை, கிராமத்து இருட்டை, மரங்களை வரைந்தார். கடைசியாக அவர் வரைந்த படங்களில் ஒன்றில் ஒரு சிறு பெண் பட்டம் விடுகிறாள். 1969-இல் பிரசவத்தின்போது பத்மினி இறந்துபோனார். முப்பது வயதுகூட ஆகவில்லை. இருநூறுக்கு மேற்பட்ட படங்களை விட்டுப் போயிருக்கிறார். இன்னும் முப்பது வருஷம் இருந்திருந்தால் என்னவெல்லாம் வரைந்திருப்பார்!

"அவங்க கல்லூரியில படிச்சவங்க" என்று நீங்கள் சொல்லலாம். சரி, மாத்வி பாரேக் என்பவரைக் கேளுங்கள். குஜராத்தில் சஞ்சயா என்ற கிராமத்தில் 1942-இல் பிறந்தவர். ஓவியப் பள்ளிக்கூடத்துப் பக்கமே போனதில்லை. சின்ன வயதில் வீட்டில் போட்ட ரங்கோலியும், துணியில் போட்ட பூவேலையும்தான் அவருக்குத் தெரிந்தவை. ரங்கோலி என்பது நம் கோலம் மாதிரி. 1964-இல் வயிற்றில் பிள்ளை இருந்தபோது வரையத் தொடங்கினார். அவர் கணவர் ஓவியர். அவர் சொல்லிக் கொடுத்தார். கோலத்தில் புள்ளி வைத்துக் கோடு இழுப்பதுபோல வரைந்து வரைந்து, பிறகு நாடறிந்த ஓவியர் ஆனார்.

1987-இல் மாத்வி பாரேக்கும், நளினி மலானி, அர்பிதா சிங், நீலிமா ஷேக் என்ற மூன்று பேரும் சேர்ந்து ஒரு கண்காட்சி வைத்தார்கள். நான்கு பேருமே பெண்கள். இரண்டு வருஷம் ஊர் ஊராகக் கொண்டு போனார்கள். பெண்கள் தாங்களாகவே சேர்ந்து இப்படி நடத்துவது அப்போது புதிது. இந்த நால்வரில் நீலிமா ஷேக்கின் பெயரை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள். அவர் பின்னால் நம் கொச்சிக்கு வருகிறார்.

இப்போது டெல்லிக்குப் போவோம். 1979-ஆம் வருஷம்.

அந்தக் காலத்தில் பத்திரிகையில் அடிக்கடி ஒரு சின்னச் செய்தி வரும். "ஸ்டவ் வெடித்து இளம்பெண் சாவு." நான்கு வரி. அதோடு முடிந்தது. மாமியார் மேல் ஸ்டவ் வெடிக்காது. மாமனார் மேல் வெடிக்காது. புது மருமகள் மேல் மட்டும் வெடிக்கும்! கேட்டால், அது அவர்கள் குடும்ப விஷயம் என்பார்கள்.

சத்யராணி சத்தா என்று ஒரு தாய். மகளைக் கட்டிக் கொடுத்து ஒரு வருஷம்கூட ஆகவில்லை. மகள் கர்ப்பமாக இருந்தாள். மாப்பிள்ளை வீட்டார் ஸ்கூட்டர் கேட்டார்கள். 1979-இல் அந்தப் பெண் தீயில் கருகிச் செத்தாள். சத்யராணி அழுதுவிட்டு வீட்டில் உட்காரவில்லை. தெருவுக்கு வந்தார். நீதிமன்றத்துக்குப் போனார். அவரைப் போலவே மகளைப் பறிகொடுத்த தாய்மார்கள் சேர்ந்தார்கள். கல்லூரிப் பெண்கள் சேர்ந்தார்கள். செத்த பெண்ணின் மாமியார் வீட்டு வாசலிலேயே போய் நின்று கோஷம் போட்டார்கள்.

அங்கேதான் கலை வந்தது. ஓம் ஸ்வாஹா என்ற தெரு நாடகத்தைப் பெண்கள் போட்டார்கள். கல்யாண மந்திரத்தில் வரும் சொல்லையே நாடகத்துக்குப் பெயராக வைத்தார்கள். அக்கினியில் நெய்யை விடும்போது சொல்லும் சொல் அது. இங்கே தீயில் போவது நெய்யா, பெண்ணா? பெயரைக் கேட்டதுமே புரிந்துவிடும். தெருமுனையில் நடித்தார்கள். மேடை இல்லை, திரை இல்லை. எழுதப் படிக்கத் தெரியாதவருக்கும் புரிந்தது. நம் எழுத்தறிவு இயக்கமும் இப்படித்தான் வளர்ந்தது என்பது மூத்தவர்களுக்கு ஞாபகம் இருக்கும். கலைக்குழு வந்து தெருவில் பாடி ஆடித்தான் மக்களைக் கூப்பிட்டது. 1990-இல் எர்ணாகுளம் முழு எழுத்தறிவு பெற்ற மாவட்டம் ஆனதில் அந்தக் கலைஞர்களுக்கும் பங்கு உண்டு.

சுவரொட்டிகளும் வந்தன. சங்கத்துப் பெண்கள் இரவெல்லாம் உட்கார்ந்து கையாலேயே வரைந்தார்கள். பசை காய்ச்சி ஒட்டினார்கள். அந்தச் சுவரொட்டிகளை யார் வரைந்தார்கள் என்று பலவற்றில் பெயர்கூடக் கிடையாது. மழையில் கிழிந்தும் போயின. 2006-இல் ஜுபான் என்ற பெண்கள் பதிப்பகம் நாடெங்கும் தேடி, மிச்சம் இருந்தவற்றைச் சேர்த்தது. ஆயிரத்துக்கு மேல் கிடைத்தன.

இந்த ஊர்வலங்களில் ஷீபா சாச்சி என்ற இளம்பெண் கேமராவோடு நடந்தார். வேடிக்கை பார்க்க வந்தவர் இல்லை. அவரும் கோஷம் போட்டவர். கையை உயர்த்திக் கத்தும் பெண்களை, போலீஸ் முன்னால் நிற்கும் பெண்களைப் படம் எடுத்தார். சத்யராணியையும் எடுத்தார். எல்லாம் நல்ல படங்கள்.

ஆனால் சில வருஷம் கழித்து அவருக்கே ஒரு சந்தேகம் வந்தது. நான் எடுத்த படத்தில் இவர்கள் எப்போதும் கோபமாகக் கத்திக்கொண்டே இருக்கிறார்கள். இவ்வளவுதானா இவர்கள்? வீட்டில் சிரிக்க மாட்டார்களா? தனியாக உட்கார்ந்து யோசிக்க மாட்டார்களா? உடனே என்ன செய்தார் தெரியுமா? ஏழு பெண்களிடம் திரும்பிப் போனார். "உங்களை எப்படிப் படம் எடுக்க வேண்டும்? நீங்களே சொல்லுங்கள்" என்றார். எங்கே உட்காருவது, என்ன உடுத்துவது, பக்கத்தில் என்ன பொருளை வைப்பது என்று எல்லாவற்றையும் அந்தப் பெண்களே முடிவு செய்தார்கள். சத்யராணி உச்ச நீதிமன்றத்தில் படம் எடுத்துக்கொண்டார். மகளுக்காக அவர் வருஷக் கணக்கில் ஏறி இறங்கியது நீதிமன்றப் படிகள்தானே! 1990, 1991 வாக்கில் எடுத்த இந்தப் படங்களுக்கு 'ஏழு வாழ்க்கைகளும் ஒரு கனவும்' என்று பெயர்.

இதைக் கேள்விப்பட்டபோது எனக்கு விடுதிச் சுவரில் இருந்த சித்தி ஞாபகம் வந்தார். ஒருவர் கேட்காமல் எடுத்தார். இன்னொருவர் திரும்பிப் போய்க் கேட்டு எடுத்தார். இரண்டு பேர் கையிலும் இருந்தது கேமராதான்.

நீலிமா ஷேக் வேறு வழியில் போனார். அவருக்குத் தெரிந்த ஒரு பெண் வரதட்சணைக் கொடுமையில் செத்துப்போனாள். 1984-இல் அந்தப் பெண்ணின் கதையைப் பன்னிரண்டு படங்களாக வரைந்தார். 'சம்பா வளர்ந்தபோது' என்பது தலைப்பு. பெரிய படங்கள் இல்லை. கையில் எடுத்துப் பார்க்கலாம் போல இருக்கும் அளவு. பழைய காலத்துச் சிற்றோவியம் போல மென்மையான நிறங்கள். முதலில் சம்பா ஓடியாடித் திரியும் சிறு பெண். பிறகு கல்யாணம். பிறகு புகுந்த வீடு. பிறகு கொடுமை. பிறகு நெருப்பு. ஒவ்வொரு படமாகப் பார்த்துக்கொண்டே போனால், நாம் தூக்கி வளர்த்த பிள்ளை போல ஆகிவிடுகிறாள் சம்பா. "ஸ்டவ் வெடித்து இளம்பெண் சாவு" என்று நான்கு வரியில் முடித்தார்களே, அவளுக்கு ஒரு பெயரும் ஒரு சிறு வயதும் இருந்தன என்று அந்தப் படங்கள் காட்டுகின்றன.

இங்கே ஒரு தங்கை கை தூக்குகிறாள். "படம் வரைஞ்சா வரதட்சணை நின்னுடுமா?" என்கிறாள். நிற்காது. நான் பொய் சொல்ல மாட்டேன். 1961-லேயே வரதட்சணைத் தடைச் சட்டம் வந்தது. அதுவே நிற்க வைக்கவில்லை. பெண்கள் தெருவில் போராடியதால் 1983-இல் 498-ஏ என்ற பிரிவு வந்தது. மனைவியைக் கொடுமை செய்யும் கணவனுக்கும் அவன் வீட்டாருக்கும் தண்டனை தருவது அது. 1986-இல் வரதட்சணைச் சாவுக்கு என்றே தனிப் பிரிவு வந்தது. 2024 ஜூலையில் இருந்து புதிய சட்டத்தில் அவற்றுக்கு எண் மாறியிருக்கிறது. கொடுமைக்கு 85, சாவுக்கு 80. குறித்து வைத்துக்கொள்ளுங்கள், தேவைப்படும். சட்டத்தைக் கொண்டுவந்தது ஊர்வலம்தான். ஆனால் ஊர்வலத்துக்கு ஆள் வர வேண்டுமே! "அது அவங்க வீட்டு விஷயம்" என்று கதவைச் சாத்தியவர்கள் கதவைத் திறக்க வேண்டுமே! நாடகமும், சுவரொட்டியும், செத்த மகளின் போட்டோவும் அந்த வேலையைச் செய்தன. சத்யராணிக்கு நியாயம் கிடைக்க முப்பது வருஷத்துக்கு மேல் ஆனது. 2014-இல் காலமானார். சாகும் முன்பு, ஷாஜகான் ஆபா என்ற தோழியோடு சேர்ந்து 1987-இல் தொடங்கிய அமைப்பின் மூலம் எத்தனையோ பெண்களுக்குப் புகலிடம் கொடுத்தார். ஷாஜகான் ஆபாவும் மகளை இப்படி இழந்தவர்தான்.

அடுத்தது எனக்கு மிகவும் பிடித்த கதை. சிரிப்பும் வரும்.

ராஜஸ்தானில் கிராமத்துப் பெண்கள் எழுபத்தைந்து பேர் சேர்ந்து ஒரு புத்தகம் செய்தார்கள். பெண்ணின் உடம்பைப் பற்றிய புத்தகம். மாதவிடாய், கர்ப்பம், நோய் என்று யாரும் வாய்விட்டுச் சொல்லாத விஷயங்கள். எழுத்து அதிகம் தெரியாதவர்களுக்காக, படம் நிறையப் போட்டார்கள். முதலில் உடம்பை அப்படியே துணியில்லாமல் வரைந்தார்கள். கிராமத்தில் காட்டியபோது பெண்கள் முகத்தைச் சுளித்தார்கள். "எங்க ஊர்ல யாரும் இப்படி நிக்க மாட்டாங்களே! இது பொய்யான படம்" என்றார்கள். பாவாடையும் முக்காடும் போட்டு வரைந்தால் உள்ளே இருப்பதை எப்படிக் காட்டுவது?

யோசித்தார்கள். பெண்ணை முழு உடையோடு வரைந்தார்கள். பாவாடை மட்டும் தனித் தாளில். அந்தத் தாளை மேலே ஒட்டினார்கள். தூக்கிப் பார்த்தால் உள்ளே கருப்பை எங்கே இருக்கிறது என்று தெரியும். மூடினால் மரியாதையாக உடுத்திய பெண்! படித்த ஓவியருக்கு வராத யோசனை இது. 1989-இல் டெல்லியில் காளி என்ற பெண்கள் பதிப்பகம் அந்தப் புத்தகத்தை அச்சிட்டது. 'உடம்பை அறிவோம்' என்று அதன் பெயரைத் தமிழில் சொல்லலாம். எழுபத்தைந்து பேரும்தான் ஆசிரியர்கள். ஓவியக் கண்காட்சியில் வைக்காவிட்டாலும், பெண்கள் இயக்கம் தந்த கலையில் இதற்கு முதல் வரிசையில் இடம் கொடுப்பேன்.

வெளிநாட்டில் மட்டும் பெண்கள் சுகமாக இருந்தார்களா? அங்கேயும் இதே கதைதான். அமெரிக்காவில் நியூயார்க் நகரத்தில் 1985-இல் சில பெண் ஓவியர்கள் சேர்ந்தார்கள். தங்கள் முகம் தெரியாமல் இருக்க கொரில்லாக் குரங்கு முகமூடி போட்டுக்கொண்டார்கள். ஒரு பெரிய அருங்காட்சியகத்துக்குப் போய் எண்ணிப் பார்த்தார்கள். புதுக்கால ஓவியப் பகுதியில் நூறு ஓவியர்களில் ஐந்து பேர்கூடப் பெண்கள் இல்லை. ஆனால் அங்கே இருந்த நிர்வாணப் படங்களில் நூற்றுக்கு 85 பெண்களின் படங்கள். 1989-இல் இதைச் சுவரொட்டியாகப் போட்டார்கள். பெண் உள்ளே நுழைய வேண்டுமென்றால் துணியில்லாமல்தான் நுழைய வேண்டுமா என்று கேட்டார்கள். பேருந்துகளில் ஒட்டினார்கள். ஊர் முழுக்கப் பேச்சு.

அந்தக் கொரில்லாப் பெண்களின் சுவரொட்டிகள் நம் கொச்சிக்கும் வந்தன. 2012-இல் இருந்து இங்கே பினாலே என்ற கலைவிழா நடக்கிறது. பழைய மிளகுக் கிடங்குகளிலும் சுக்குக் கிடங்குகளிலும் படங்களை வைக்கிறார்கள். 2018 டிசம்பரில் தொடங்கிய விழாவில் ஒரு புதுமை. எந்தப் படைப்பு வர வேண்டும், யாரைக் கூப்பிட வேண்டும் என்று முடிவு செய்யும் பொறுப்பு முதல்முறையாக ஒரு பெண்ணிடம் வந்தது. அனிதா தூபே என்பவர். அந்த வருஷம் வந்த கலைஞர்களில் பாதிக்கு மேல் பெண்கள். பொறுப்பு ஒரு பெண் கைக்கு வந்தவுடன் கணக்கு எப்படி மாறியது பாருங்கள்!

நீலிமா ஷேக்கும் வந்தார். எதை வரைந்தார் தெரியுமா? கேரளத்து நர்சுகளை. 'சலாம் சேச்சி' என்று தலைப்பு. சேச்சி என்றால் அக்கா, உங்களுக்குத் தெரியாதா! ஊரை விட்டு, பிள்ளையை விட்டு, டெல்லிக்கும் வளைகுடாவுக்கும் போய், யாரோ ஒருவரின் புண்ணைத் துடைக்கும் அந்தச் சேச்சிமாருக்கு ஒரு வணக்கம். அரண்மனைச் சுவரில் இடம் கிடைக்காத வேலை செய்யும் பெண்கள், சில கிலோமீட்டர் தள்ளி ஃபோர்ட் கொச்சியில் சுவர் ஏறினார்கள்.

உண்மையைச் சொல்கிறேன். பினாலேயில் வைக்கும் சிலவற்றை எனக்குப் பிடிபடவே இல்லை. ஒரு மூட்டைக் கயிறு, ஒரு விளக்கு, அதற்கு அரைப் பக்கம் விளக்கம்! புரியவில்லை என்று சொல்ல வெட்கப்பட வேண்டாம். கிடங்கில் சுக்குப் புடைத்த பெண்கள் அதே கிடங்கில் படம் பார்க்கப் போகத் தயங்குகிறார்கள். அதுதான் எனக்கு வருத்தம்.

சித்தியின் கதையை முடிக்கவில்லையே. போன வருஷம் என் மகனின் போனை எடுத்துக்கொண்டு சித்தியிடம் போனேன். "சித்தி, உங்களை எப்படி எடுக்கணும்? நீங்களே சொல்லுங்க" என்றேன். முதலில் வெட்கப்பட்டார். போடி என்றார். அப்புறம் சொன்னார். "நின்னுக்கிட்டு வேண்டாம். நாப்பது வருஷமா நின்னாச்சு. உக்கார வச்சு எடு."

பச்சைப் புடவை உடுத்தினார். நாற்காலியில் உட்கார்ந்தார். இஸ்திரிப் பெட்டியை என்ன செய்ய என்று கேட்டேன். "இருக்கட்டும், பக்கத்துல வை. அது சோறு போட்டது" என்றார். மடியில் கணக்கு நோட்டை வைத்துக்கொண்டார். எந்த வீட்டுக்கு எத்தனை துணி என்று அவரே எழுதும் நோட்டு. ஐம்பது வயதுக்கு மேல்தான் அவர் எழுதக் கற்றார். எடுத்த படத்தை அச்சுப் போட்டுக் கொடுத்தேன். கீழே அவரே பெயர் எழுதினார். இரண்டாவது எழுத்தில் புள்ளி விட்டுப்போயிற்று. மறுநாள் கூப்பிட்டுச் சொல்லி, திரும்ப வாங்கிப் புள்ளி வைத்தார்.

வருகிற ஞாயிற்றுக்கிழமை அரண்மனைக்குச் சேர்ந்து போகலாம். காலை பத்து மணிக்கு வாசலில் நில்லுங்கள். வெள்ளிக்கிழமை அங்கே விடுமுறை, ஞாயிறு உண்டு. அடுத்த கூட்டத்துக்கு நான் தாளும் வண்ணக் கட்டியும் கொண்டு வருகிறேன். கோலம் போடத் தெரிந்தவர்கள் எல்லோரும் வரலாம். தெரியாதவர்களும் வரலாம். குழாயில் தண்ணீர் வரும் நேரம் ஆகிவிட்டது, குடங்கள் காத்திருக்கும்.